மகத்துவத்துக்கு மூன்று ஓலை

சின்னமனூர் பஸ் நிலையத்துக்கு எதிர்வரிசையில் மருந்துக்கடை வைத்திருந்த அக்காவிடம் டாக்டர் சீட்டு இல்லாமல் மாத்திரை வாங்கியவர் என்று ஒருவரும் கிடையாது. பக்கத்துக் கடைகளில் காய்ச்சல் என்றால் போதும், வேறு கேள்வி இல்லாமல் நாலு நிறத்தில் மாத்திரையை எடுத்துத் தாளில் மடித்துக் கொடுத்துவிடுவார்கள். அக்கா கேட்பார்.

"காய்ச்சல்னு யார் சொன்னது?"

ஒருமுறை வார்டு உறுப்பினர் ஒருவர் போர்வையைப் போர்த்திக்கொண்டு வந்து நின்றார். ஓட்டுப் போட்ட ஜனங்களின் முன்னால் இந்தக் கேள்வியை அவர் எதிர்பார்க்கவில்லை.

"உடம்பு என்னுதுக்கா. எனக்குத் தெரியாதா?"

"உடம்பு ஒங்களுது. மாத்திரை என்னுது. டாக்டரு எழுதிக் குடுத்தா தாரேன்."

அவர் அடுத்த கடைக்கு நடந்தார். அக்கா என்னைப் பார்த்து, "போறாக. அங்கன போயி நாலு கலரையும் தின்னுட்டு, நாளைக்கு வயித்துவலிக்குச் சீட்டோட வருவாக" என்றார். வந்தார்.

வயதில் அவர் எனக்குச் சின்னவர். ஊரே அக்கா என்று அழைத்துக்கொண்டிருக்க, ஓய்வு பெற்ற ஒருவன் தனியாக ஒரு முறை வைத்துக் கூப்பிடுவது சரியல்ல என்று நானும் அக்கா என்றே அழைத்தேன். அவர் என்னை சார் என்பார். நான் தணிக்கைத் துறையில் இருந்தவன் என்று தெரிந்த நாளிலிருந்து, கடைக்குள் நான் நுழையும்போதெல்லாம் கல்லாவை ஒருமுறை பார்த்துக்கொள்வார். நான் அதைப் பாராட்டாகவே எடுத்துக்கொண்டேன்.

தேனி தனி மாவட்டமான புதிதில் அவர் கடை மாடியில் ஒரு வாசகர் வட்டம் கூடியது. மாதத்தின் முதல் ஞாயிறு அவர் தன் ஊர் ராயப்பன்பட்டி மாதா கோயிலில் பூசை கண்டுவிட்டு பஸ் பிடித்து வந்து மாடிக்கதவைத் திறந்ததும் கூட்டம் தொடங்கும். அவர் தலைவர். நான் செயலாளர். அந்தப் பதவிக்குப் போட்டி இல்லை. தீர்மானம் எழுதத் தெரிந்தவன் நான் ஒருவன்தான். மற்றவர்களுக்கு வாசிக்க மட்டுமே தெரியும்.

மருந்துக்குக் கேட்ட கேள்வியையே அக்கா புத்தகத்துக்கும் கேட்டார். காமயகவுண்டன்பட்டியிலிருந்து திராட்சைத் தோட்டக்காரர் ஒருவர் தவறாமல் வருவார். படித்ததெல்லாம் அவருக்குப் பிடித்துவிடும். ஒருநாள் ஒரு நாவலைத் தலைக்கு மேலே தூக்கிக் காட்டினார்.

"இது உலகத் தரம்க்கா. இதுக்கு மேல எழுத ஆளு கெடையாது."

"ஒலகம்னா எதுவரைக்கும்ணே?"

"எதுவரைக்கும்னா?"

"நீங்க எங்கன வரைக்கும் போயிப் பாத்துட்டு வந்து சொல்றீக?"

தோட்டக்காரர் நேர்மையான மனிதர். கொஞ்சம் யோசித்தார். "யாவாரத்துக்குக் குமுளி வரைக்கும் போயிருக்கேன்."

"அப்ப குமுளித் தரம்னு எழுதிக்கங்க சார்."

எழுதினேன். அந்த மாதத் தீர்மானத்தில் அந்த நூல் குமுளித் தரம் வாய்ந்ததாகவே பதிவாகியிருக்கிறது. தோட்டக்காரர் இதற்கெல்லாம் வருத்தப்படுகிறவர் அல்ல. அடுத்த மாதம், தான் எர்ணாகுளம் வரை போய்வந்துவிட்டதாகவும் அதற்கேற்பத் தரத்தை உயர்த்த வேண்டும் என்றும் கோரிக்கை வைத்தார். அக்கா பஸ் டிக்கெட்டைக் கேட்டார்.

சிரிப்பதற்காக அவர் இதைச் செய்யவில்லை. பிறர் சிரித்தால் ஏன் சிரிக்கிறார்கள் என்று பார்ப்பார். எனக்கு அவர் போக்கு பிடித்திருந்ததற்கு என் உத்தியோகம் காரணம். நடத்தைச் சான்றிதழுக்கு வந்து நிற்கும் பையனை அந்த நிமிடம்தான் முதன்முதலாகப் பார்க்கும் அதிகாரி, இவரை எனக்கு ஐந்தாண்டுகளாக நன்கு தெரியும், இவர் நற்குணம் உடையவர் என்று பச்சை மையில் கையெழுத்திடுவதைப் பார்த்தே நான் முடி நரைத்தவன். புத்தகங்களின் முன்னுரைகளும் பெரும்பாலும் அந்தப் பச்சை மையிலேயே எழுதப்படுகின்றன.

அக்கா ஊர்க் கோயிலில் கல்யாணத்துக்கு முன் ஓலை வாசிப்பார்கள். இன்னாருக்கும் இன்னாருக்கும் திருமணம் நிச்சயமாகியிருக்கிறது, தடை ஏதும் தெரிந்தவர்கள் பங்குச்சாமியாரிடம் தெரிவிக்கவும் என்று மூன்று ஞாயிறு பூசையில் அறிவிப்பார்கள். மூன்றும் தடையில்லாமல் போனால்தான் தாலி. அக்கா இதை அப்படியே மாடிக்குக் கொண்டுவந்தார். ஒரு புத்தகத்தை யாராவது மகத்தானது, சிறந்தது, ஈடு இணையற்றது என்றால், அந்தச் சொல் மூன்று கூட்டங்களில் அறிவிக்கப்பட வேண்டும். மூன்றிலும் தடை வராவிட்டால்தான் அது வட்டத்தின் கருத்து. ஒவ்வோர் அறிவிப்பையும் நான் தாளில் எழுதி, தலைவர் கையெழுத்து வாங்கி, கடைக் கதவில் ஒட்டுவேன். ஒரு பிரதி பத்திரிகை நிருபர்களுக்குப் போகும். அறிவிப்பு என்று ஒன்று இருந்தால் அதற்குப் பிரதி பெறுவோர் இருக்க வேண்டும். இது அக்காவின் விதியல்ல, என்னுடையது.

மூன்று ஓலையையும் தாண்டிய புத்தகங்கள் சொற்பம். ஒரு கதையின் நாயகன் அச்சு அசலாகத் தன் சித்தப்பாவைப் போல இருக்கிறான், அந்தச் சித்தப்பா சரியில்லாத ஆள், ஆகவே கதையும் சரியில்லை என்று ஒருவர் தடை சொன்னார். "சித்தப்பா சரியில்லங்கறதுக்கு என்ன ஆதாரம்?" என்று அக்கா அதையும் விடவில்லை. அடுத்த கூட்டத்துக்குச் சித்தப்பாவே வந்துவிட்டார். அதன் தீர்மானத்தை நான் சுருக்கமாக எழுதினேன்.

இப்படி இருக்கையில் அக்காவின் தம்பி ஒரு நாவல் எழுதிவிட்டார்.

தம்பி மேகமலையில் ஒரு தேயிலை எஸ்டேட்டில் ஃபீல்டு ஆபீசர். தாய் இல்லாத வீட்டில் அக்காதான் அவரை வளர்த்தது. மாதம் ஒருமுறை மலைப்பாதையில் குலுங்கிக்கொண்டு எஸ்டேட் பஸ்ஸில் இறங்கி, கடையில் உட்கார்ந்து, அக்கா வாங்கித் தரும் பரோட்டாவைத் தின்றுவிட்டு ஏறிப்போவார். நாவல் எழுதுகிறார் என்பது அச்சாகி வரும்வரை யாருக்கும் தெரியாது.

மழையில் பாதை அறுந்துபோகிறது. தொழிலாளர் லயன் வீட்டில் இறந்த ஒரு கிழவியைக் கீழே கொண்டுவர வழியில்லை. ஜனங்கள் பிணத்தை வைத்துக்கொண்டு மழை விடக் காத்திருக்கிறார்கள். அவ்வளவுதான் கதை. முதலில் அழுகிறார்கள், அப்புறம் அவளுடைய பாத்திரங்களைப் பங்கு போடச் சண்டை பிடிக்கிறார்கள், அப்புறம் எல்லோருக்கும் பசிக்கிறது. அவள் அடுப்பிலேயே சமைக்கிறார்கள். நான் எதையும் கையில் பென்சிலோடு படிக்கிறவன். அந்தப் புத்தகத்தில் பாதி தாண்டியபோது பென்சிலைக் காணவில்லை, தேடவும் இல்லை.

அக்கா கல்லாவில் உட்கார்ந்து, மேலே நாளிதழை விரித்து மறைத்துக்கொண்டு அதைப் படிப்பதை ஒருநாள் பார்த்துவிட்டேன்.

"எப்படிக்கா இருக்கு?"

"அச்சுப்பிழை இருக்கான்னு பாக்குறேன் சார்."

அடுத்த மாதமும் பார்த்துக்கொண்டிருந்தார். அதற்கடுத்த மாதமும். அவ்வளவு பிழை அந்தப் புத்தகத்தில் கிடையாது.

தமிழின் மகத்தான நாவல்களில் ஒன்று என்று தோட்டக்காரர்தான் முன்மொழிந்தார். இந்தமுறை அவர் குரலில் வழக்கமான சத்தம் இல்லை. முதல் ஓலை வாசித்தேன். தடையில்லை. இரண்டாம் ஓலைக்கும் தடையில்லை. மூன்றாம் கூட்டத்துக்குத் தம்பி வந்திருந்தார். துவைத்துத் தேய்த்த சட்டை, எண்ணெய் வைத்து வாரிய தலை. பெண் பார்க்க வந்தவரைப் போல ஓரமாக உட்கார்ந்திருந்தார். நான் அறிவிப்பை வாசித்து, தடை உண்டா என்று வழக்கப்படி கேட்டேன்.

"இருக்கு" என்றார் அக்கா.

"என்ன தடைக்கா?" என்றார் தோட்டக்காரர்.

"உறவு. எழுதுனது எந் தம்பி. கூட்டம் நடக்குறது எங் கடையில. நீங்க குடிச்ச காப்பி எங் காசு. நாளைக்கு வெளியூர்க்காரன் கேட்டா, அக்கா கடை மாடியில வச்சுத் தம்பிக்குப் பட்டம் கட்டிருக்காகன்னு சிரிப்பானா மாட்டானா?"

"சொல்றது நாங்கதானக்கா. நீங்க இல்லையே."

"நீங்க எர்ணாகுளத்துக்குப் போகாமயே போனேன்னவுக."

எல்லோரும் சிரித்தார்கள். தம்பி சிரிக்கவில்லை. எழுந்து நின்றார்.

"அக்கா, பன்னீர்த் திராட்சையை வாயில போட்டா இனிக்குது. அதுக்கும் சீட்டுக் கேப்பியா?"

"இனிக்குதுன்னு சொல்லு. கேக்கமாட்டேன். அது ஒன் நாக்கு. இருக்குற திராட்சையிலேயே இதான் ஒசத்தின்னு சொல்லு, மத்ததையெல்லாம் எப்பத் தின்னன்னு கேப்பேன்."

"சரி. ஒசத்தி வேணாம். மகத்தானதும் வேணாம். ஊரு ஒண்ணும் சொல்ல வேணாம். நீ படிச்சேல்ல? ஒன் நாக்குக்கு எப்படி இருந்துச்சு? அதை மட்டும் சொல்லு."

அக்கா அவரை நெற்றியைச் சுருக்கிப் பார்த்தார். சீட்டில் டாக்டரின் கிறுக்கலைப் படிக்கும்போதுதான் அவர் நெற்றி அப்படிச் சுருங்கும்.

"நான் ஒனக்கு அக்கா. எம் பேச்சு செல்லாதுடா."

தம்பிக்கு வேண்டியிருந்தது அந்தச் செல்லாத பேச்சு ஒன்றுதான். மாடியில் இருந்த அத்தனை பேருக்கும் அது விளங்கியது. அவர் யாரிடமும் சொல்லிக்கொள்ளாமல் படியிறங்கிப் போனார். உறவுத் தடை ஏற்கப்பட்டது என்று எழுதி முடித்தேன். விதிப்படி அதில் பிழை ஒன்றும் இல்லை.

அதன்பின் அவர் கடைக்கு வரவில்லை. எஸ்டேட் பஸ்ஸில் வந்தால் ஒரு நிறுத்தம் முன்னதாகவே இறங்கிக்கொள்வார். ரத்தக் கொதிப்பு மாத்திரையை எதிர்க்கடையில் வாங்கினார். அக்கா கல்லாவில் இருந்தபடியே அதைப் பார்ப்பார். "சீட்டு இல்லாமத்தான் வாங்குறான் சார். அங்கன குடுத்துருவாக" என்பார். கோபமாகச் சொல்கிறாரா என்று என்னால் கண்டுபிடிக்க முடிந்ததில்லை. வருடங்கள் இப்படியே போயின.

சின்னமனூருக்குக் கம்ப்யூட்டர் மையங்கள் வந்த பிறகு, ஒரு காலையில் தோட்டக்காரர் மூச்சிரைக்கக் கடைக்கு ஓடிவந்தார்.

"அக்கா, நம்ம தம்பி நாவலு கம்ப்யூட்டர்ல ஏறிருச்சு! ஒங்க பேச்சும் ஏறிருச்சு!"

கடையைச் சாத்திவிட்டு மூவரும் அடுத்த தெருவுக்குப் போனோம். மையம் நடத்திய பெண் திரையைக் காட்டினாள். யார் வேண்டுமானாலும் எழுதலாம், திருத்தலாம் என்று ஓர் இணையக் கலைக்களஞ்சியம். அதில் நாவலுக்கு ஒரு பக்கம். 'இது தமிழின் மகத்தான நாவல்களில் ஒன்று என்று அப்பகுதி வாசகர் வட்டத் தலைவர் அறிவித்துள்ளார்.' வரியின் முடிவில் ஒரு சின்ன எண். அந்த எண்ணின் கீழே ஆதாரம்.

"நான் எப்பச் சொன்னேன்?" என்றார் அக்கா.

தடம் பிடித்துப் போவது என் தொழில். இரண்டு வாரத்தில் அடிவரை போய்விட்டேன். கலைக்களஞ்சியத்துக்கு ஆதாரம் ஒரு கல்லூரி விரிவுரையாளரின் ஆய்வு நூல். ஆய்வு நூலுக்கு ஆதாரம் ஒரு பழைய நாளிதழ்ச் செய்தி. செய்திக்கு ஆதாரம் எங்கள் முதல் ஓலையின் பிரதி, தலைவரின் கையெழுத்துடன். தடை தெரிந்தவர்கள் தெரிவிக்கவும் என்ற கடைசி வரியை மட்டும் நிருபர் இடம் போதாமல் வெட்டியிருந்தார். நாங்கள் வாங்கியது வேறு நாளிதழ் என்பதால் செய்தி வந்ததே எங்களுக்குத் தெரியாமல் போயிற்று.

எனக்கு இது புதிதல்ல. ஒரு கோப்பின் மேல்தாளில் கம்பீரமாக உத்தரவு இருக்கும். ஒவ்வொரு தாளாகப் புரட்டிக் கீழே போனால், அடியில் யாரோ ஒரு உதவியாளர் 'செய்யலாமா?' என்று கேட்டிருப்பார். நடுவில் இருந்தவர்கள் யாரும் பதில் சொல்லியிருக்க மாட்டார்கள். கையெழுத்து மட்டும் போட்டிருப்பார்கள்.

அக்கா சொல்லச் சொல்ல அந்தப் பெண் தட்டினாள்: 'அந்தத் தலைவர் நான்தான். நான் அப்படிச் சொல்லவில்லை. வரியை எடுக்கவும்.' மறுநாள் பதில் வந்திருந்தது: 'தங்கள் சொந்தக் கூற்று ஆதாரமாக ஏற்கப்படாது. அச்சில் வெளிவந்த மறுப்பு இருந்தால் தருக.'

தோட்டக்காரர் கொதித்துப் போனார். "சொன்ன ஆளே சொல்லலங்கறாக! இதுக்கு மேல என்ன ஆதாரம்க்கா வேணுமாம் இவனுகளுக்கு?"

அக்கா திரையை இன்னொரு முறை படித்தார். "சரியாத்தாண்ணே கேட்டிருக்கான். நான்தான் நான்னு அவனுக்கு யார் சொன்னது?"

அவர் முகத்தில் அன்று கண்டதை மகிழ்ச்சி என்றுதான் சொல்ல வேண்டும். அது அன்றிரவுக்குள் வடிந்துவிட்டது. மறுநாள் நான் போனபோது கடையில் வேறு ஆள் இல்லாமலிருந்தும் என்னிடம் தணிந்த குரலில் பேசினார். "நான் செத்த பெறகும் அது நிக்கும் சார். அக்காகாரி தம்பிக்குப் பட்டம் கட்டுனான்னு. அவனுக்கும் அது அசிங்கம்தானே? அதை எடுத்தாகணும்."

நாளிதழ் அலுவலகத்துக்கு நானே போனேன். மறுப்பு போடலாம், ஆனால் நூலாசிரியர் பின்னால் வழக்கு கிழக்கு என்று வரக்கூடாது, ஆகவே அவரும் சேர்ந்து கையெழுத்திட வேண்டும் என்றார்கள். நியாயமான நிபந்தனை. நானாக இருந்தாலும் கேட்டிருப்பேன்.

எஸ்டேட் அலுவலகத்துக்குப் போன் செய்து, அக்கா வரச் சொன்னதாகச் சொன்னேன். எதற்கு என்று தம்பி கேட்கவில்லை. மறுநாள் முதல் பஸ்ஸில் வந்து கடை வாசலில் இறங்கினார். நானும் தோட்டக்காரரும் கடையில் இருந்தோம். தம்பியின் தலை முழுக்க நரைத்திருந்தது.

அக்கா அவரை ஏற இறங்கப் பார்த்தார். "மாத்திரை ஒழுங்காத் திங்கிறியா?"

"திங்கிறேன்."

"யார் எழுதிக் குடுத்தது?"

தம்பி என்னைப் பார்த்தார். நான் விஷயத்தை ஆதியிலிருந்து சொன்னேன். கேட்டு முடித்துவிட்டு அவர் சிரித்தார்.

"எம் புஸ்தகத்தை நீ நல்லாருக்குன்னு சொன்னதா ஊருக்குள்ள ஒரே ஒரு பொய் உசிரோட திரியுது. அதையும் அடிச்சுப் போடத்தான் கூப்பிட்டியாக்கா?"

அக்கா கண்ணாடிப் பெட்டியைத் துடைத்துக்கொண்டிருந்தார். துடைத்த இடத்தையே திரும்பத் துடைத்தார்.

மறுப்பை நான் தட்டச்சு செய்து வைத்திருந்தேன். சம்பிரதாயமான வாசகம்தான். 'மேற்படி நாவலை மகத்தானது என்று நான் கருதவுமில்லை, எங்கும் சொல்லவுமில்லை.' மறுப்பு என்றால் இரண்டு பக்கமும் அடைக்க வேண்டும். ஒன்றை மட்டும் மறுத்தால் மற்றதை ஒப்புக்கொண்டதாக ஆகிவிடும். எந்த அலுவலகத்திலும் இப்படித்தான் எழுதுவார்கள்.

தம்பி வாங்கி நிதானமாகப் படித்தார். "நல்லா எழுதிருக்கீக சார். சந்தேகத்துக்கு இடமே இல்லாம" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டு, தாளை அக்காவின் பக்கம் தள்ளினார்.

அக்கா கண்ணாடியை மாட்டிக்கொண்டு, எழுத்துக்கு எழுத்து விரல் வைத்துப் படித்தார். பிறகு பேனாவை வாங்கி, 'கருதவுமில்லை' என்ற சொல்லின் மேல் கோடு இழுத்து அடித்தார். அடியில் கையெழுத்திட்டார்.

"என்னக்கா இது?" என்றேன்.

"சொல்லலங்கறது நெசம் சார். இதை நான் ஒங்ககிட்டச் சொல்லவே இல்லையே. நீங்களா எப்படி எழுதுனீக?"

"வழக்கமா எழுதுற வாசகம்க்கா."

"வழக்கம்னா பொய்யில கையெழுத்துப் போட முடியுமா?"

வேறு வழி தெரியாமல் எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். "அடித்தல் இருந்தா பக்கத்துல சுருக்கொப்பம் வேணும்."

போட்டார். தம்பி தாளைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டார். அந்தக் கோட்டையும் அதன் அருகிலிருந்த சுருக்கொப்பத்தையும் வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அக்கா, அப்ப நீ..."

"என்ன அப்ப? தேதி போடாம விட்டிருக்க பாரு. தேதியப் போடு."

தம்பி தேதி போடவில்லை. தாளை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

"ஏலே, அது பத்திரிகைக்குப் போக வேண்டியது."

"வேற எழுதி அனுப்பிக்க. இது எனக்கு."

அக்கா என்னைப் பார்த்தார். நான் விதிப்படி ஏதாவது சொல்வேன் என்று எதிர்பார்த்திருக்கலாம். சொல்லவில்லை. ஒரு பெண் இருமும் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்து மருந்து கேட்டாள். அக்கா அவள் பக்கம் திரும்பிச் சீட்டைக் கேட்டார். அவள் போனதும் பரோட்டா வாங்கிவரத் தோட்டக்காரரை அனுப்பினார்.

வேறு மறுப்பு எழுத நான் தயாராகவே இருந்தேன். செயலாளர் என்ற முறையில் ஒவ்வொரு கூட்டத்திலும் நினைவூட்டினேன். "ஆகட்டும் சார், பாப்போம்" என்பார் அக்கா. இந்தச் சொற்களைக் கேட்ட கோப்பு மேசையை விட்டு நகராது என்பது எனக்குத் தெரியாதா என்ன?

அந்த வரி இன்னும் கலைக்களஞ்சியத்தில் இருக்கிறது. அதற்குக் கொடுத்திருக்கும் ஆதாரம் செல்லாதது. அதை நிரூபிக்கும் ஒரே தாள் மேகமலையில் தம்பியிடம் இருக்கிறது. ஆனால் அதை வெளியே எடுத்துக் காட்டினால், 'கருதவுமில்லை' மேல் விழுந்த கோடும் சேர்ந்தே தெரியும். ஆதாரம் போய்விடும், வரி போகாது.